கோனஸா, காஸ்ட்ரிடியமா? ஜியோகிராஃபஸ் கூம்பு நத்தையின் பெயரும் வாழ்வும்

அலைநுரை:

அனைவருக்கும் வணக்கம். இந்தோ-பசிபிக் கடற்பரப்பின் பவளத்திட்டுகளில் வாழும் கூம்பு நத்தைகளைப் பற்றிச் சில மாதங்களாகக் குறிப்பெடுத்து வருகிறேன். அவற்றுள் மிகக் கொடிய நஞ்சுடையது என்று சொல்லப்படும் நத்தைக்கு நான் பார்த்த ஒரு கையேட்டில் ‘கோனஸ் ஜியோகிராஃபஸ் லின்னேயஸ், 1758’ என்ற பெயர் இருக்கிறது. வேறொரு பட்டியலில் அதே ஓட்டின் படத்துக்குக் கீழே ‘காஸ்ட்ரிடியம் ஜியோகிராஃபஸ் (லின்னேயஸ், 1758)’ என்று அச்சிட்டிருக்கிறார்கள். இரண்டும் ஒரே உயிரினம்தான் என்பது படத்திலிருந்தே தெரிகிறது: மெல்லிய, எடை குறைந்த ஓடு, ஏறத்தாழ 15 செ.மீ. வரை நீளம்; வெளிறிய பரப்பில் செம்பழுப்புக் கோடுகள் வலைபோலப் பின்னி நாட்டுப்படத்தை நினைவூட்டும் தோற்றம்; மற்றக் கூம்பு நத்தைகளைவிட அகன்ற வாய்த்திறப்பு.

என் ஐயங்கள் மூன்று. இவ்விரு பெயர்களில் எதை எழுதுவது சரி? லின்னேயஸின் பெயர் ஒன்றில் அடைப்புக்குறிக்குள்ளும் மற்றொன்றில் வெளியிலும் இருப்பது அச்சுப்பிழையா? பேரினப் பெயரை மாற்றுவதால் இந்த நத்தையைப் பற்றி நாம் அறிந்தவற்றில் ஏதேனும் மாறுகிறதா, அல்லது இது வெறும் ஏட்டுச் சண்டைதானா?

பவளத்திட்டு:

இரண்டாவது ஐயத்துக்கு விடை எளிது என்பதால் அதை முதலில் முடித்துவிடுகிறேன். அது அச்சுப்பிழை அன்று. விலங்குப் பெயரீட்டு விதிகளின்படி, ஒரு சிற்றினத்தை முதலில் விவரித்தவர் எந்தப் பேரினத்தில் வைத்தாரோ அதே பேரினத்தில் அது இன்றும் இருந்தால் அவர் பெயரும் ஆண்டும் அடைப்புக்குறியின்றி எழுதப்படும். பின்னால் வந்தவர்கள் வேறு பேரினத்துக்கு மாற்றியிருந்தால் அடைப்புக்குறி சேரும். லின்னேயஸ் 1758-இல் இதைக் கோனஸ் என்னும் பேரினத்தில் வைத்தார். ஆகவே, அந்த அடைப்புக்குறியைப் பார்த்தவுடனேயே எழுதியவர் எந்த வகைப்பாட்டைப் பின்பற்றுகிறார் என்று நீங்கள் சொல்லிவிடலாம்.

முதல் ஐயத்துக்குச் சற்று வரலாறு வேண்டும். மேல்நிலைகளில் கருத்து வேறுபாடு அதிகம் இல்லை: மெல்லுடலிகள் தொகுதி, வயிற்றுக்காலிகள் வகுப்பு, நியோகாஸ்ட்ரோபோடா வரிசை, கோனாய்டியா பெருங்குடும்பம், கோனிடே குடும்பம். சிக்கல் குடும்பத்துக்குக் கீழேதான் தொடங்குகிறது. நெடுங்காலம் கூம்பு வடிவ ஓடுடைய அனைத்தையும் கோனஸ் என்ற ஒரே பேரினத்தில் அடக்கி வந்தார்கள். காஸ்ட்ரிடியம் என்ற பெயரும் புதிதன்று. மோடீர் 1793-இலேயே சூட்டியது. ஆனால் பெரும்பாலோர் அதைத் தனிப் பேரினமாகக் கருதவில்லை.

2009-இல் டக்கர், டெனோரியோ ஆகிய இருவர் ஓட்டின் அமைப்பு, பற்களின் வடிவம், உடற்கூறு ஆகியவற்றைக் கொண்டு, இன்று வாழும் கூம்பு நத்தைகளை 3 குடும்பங்களாகவும் 82 பேரினங்களாகவும் பிரித்தார்கள். நீங்கள் பார்த்த காஸ்ட்ரிடியம் பெயர் அந்த மரபில் வருவது. அதன்பின் புயாந்தர், டூடா, மேயர், ஒலிவேரா, பூஷே ஆகிய ஐவர் 329 சிற்றினங்களின் மரபணு வரிசைகளை ஒப்பிட்டு 2014-இல் வெளியிட்ட ஆய்வில், அனைத்தையும் கோனிடே என்ற ஒரே குடும்பத்தில் வைத்து, கோனஸ், கோனாஸ்ப்ரெல்லா, ப்ரோஃபண்டிகோனஸ், கலிஃபோர்னிகோனஸ் என நான்கு பேரினங்களை மட்டும் ஏற்றார்கள். அறியப்பட்ட சிற்றினங்களில் 85 விழுக்காடு கோனஸில் அடங்குகின்றன. அந்தக் கோனஸுக்குள் 57 துணைப்பேரினங்கள். காஸ்ட்ரிடியம் அவற்றுள் ஒன்று.

ஆகவே, இன்று முழுமையாக எழுத விரும்பினால் ‘கோனஸ் (காஸ்ட்ரிடியம்) ஜியோகிராஃபஸ் லின்னேயஸ், 1758’ என்று எழுதுவதையே நான் பரிந்துரைப்பேன். மூன்றாவது ஐயம் இந்த மன்றத்தின் மற்ற நண்பர்களும் சேர்ந்து பேச வேண்டியது.

சிப்பிப்பேழை:

பவளத்திட்டு அவர்களின் விளக்கத்தை மதிக்கிறேன். ஆனால் முடிவை ஏற்கவில்லை. இருபது ஆண்டுகளுக்கும் மேலாக ஓடுகளைச் சேகரித்து வகைப்படுத்துபவன் என்ற முறையில் சொல்கிறேன். கனத்த, தடித்த, குறுகிய வாயுடைய கோனஸ் மார்மோரியஸையும், கையில் எடுத்தால் காகிதம்போல் இலேசாக இருக்கும் ஜியோகிராஃபஸையும் ஒரே பேரினப் பெயரால் அழைத்தால் அந்தப் பெயர் நமக்கு என்ன தகவலைத் தருகிறது? 800-க்கும் மேற்பட்ட சிற்றினங்களை ஒரே கூடையில் போட்டுவிட்டு அதை வகைப்பாடு என்பது பொருந்துமா? ஜியோகிராஃபஸும் டூலிப்பா என்னும் கூம்பு நத்தையும் ஒன்றுக்கொன்று நெருக்கமானவை என்பதைக் கண்ணால் பார்த்தே சொல்லலாம். அந்த நெருக்கத்தைப் பேரினப் பெயரே காட்டிவிட்டால் என்ன கெடுதல்?

இன்னொன்றும் கேட்க வேண்டும். லத்தீனில் காஸ்ட்ரிடியம் அஃறிணைப் பாற்சொல். அப்படியானால் ஜியோகிராஃபஸ் என்பது ஜியோகிராஃபம் என்று மாற வேண்டாமா?

பவளத்திட்டு:

இலக்கணக் கேள்வி மிக நல்ல கேள்வி. சிற்றினப் பெயர் பெயரடையாக இருந்தால்தான் பேரினத்தின் பாலுக்கேற்ப ஈறு மாறும். ஜியோகிராஃபஸ் என்றால் புவியியலாளர். டூலிப்பா என்பது ஒரு மலரின் பெயர். இரண்டும் பெயர்ச்சொற்கள், ஆகவே எந்தப் பேரினத்துக்குப் போனாலும் மாறாமல் நிற்கும். அதே குழுவைச் சேர்ந்த ஆப்ஸ்கியூரஸ் பெயரடை என்பதால், காஸ்ட்ரிடியத்தை முழுப் பேரினமாகக் கொண்டால் அது ஆப்ஸ்கியூரம் என்றாக வேண்டும். பேரினம் மாறும்போதெல்லாம் இத்தகைய சில்லறைத் திருத்தங்களும் கூடவே வரும்.

இனி மையமான வாதத்துக்கு வருகிறேன். கண்ணால் பார்த்தே உறவைச் சொல்லலாம் என்றீர்கள். டூலிப்பா விஷயத்தில் உங்கள் கண் சரியாகத்தான் கண்டது. அதை மரபணுவும் உறுதி செய்கிறது. ஆனால் கோனஸ் புல்லாட்டஸை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கும் உப்பிய ஓடும் அகன்ற வாயும் உண்டு, அதுவும் மீன் தின்பது. ஆயினும் அது டெக்ஸ்டீலியா என்ற வேறு துணைப்பேரினத்தில் வைக்கப்பட்டிருக்கிறது. முழு மீனை விழுங்கும் நத்தைக்கு இடம் வேண்டும். ஆகவே வாய்த்திறப்பு அகலமாவதில் வியப்பில்லை. வாழ்முறையின் தேவை ஓட்டை வடிவமைக்கும்போது, ஓட்டின் ஒற்றுமை மட்டும் உறவுக்குச் சான்றாகாது.

ஓட்டின் உச்சியில் இருக்கும் இளவுயிரிப் பருவத்துச் சுருள்களைப் பற்றியும் ஒரு சொல். பல சுருள்கள் இருந்தால் அந்த நத்தை இளம்பருவத்தில் மிதவையாக நெடுந்தொலைவு போயிருக்கிறது என்றும், சுருள்கள் குறைவாகப் பருத்து இருந்தால் மிதவைப் பருவம் குறுகியது அல்லது இல்லவே இல்லை என்றும் கொள்ளலாம். இவ்வேறுபாட்டைப் பேரினங்களைப் பிரிக்கும் அடையாளமாக முன்பு பலர் பயன்படுத்தினார்கள். ஆனால் மிதவைப் பருவத்தை இழப்பது வெவ்வேறு கிளைகளில் தனித்தனியே பலமுறை நிகழ்ந்திருக்கிறது. கேப் வெர்டே தீவுகளில், பக்கத்துப் பக்கத்து விரிகுடாக்களில்கூட வெவ்வேறு கூம்பு நத்தைகள் தோன்றியிருப்பதற்கு இந்த இழப்பே முக்கியக் காரணம். பலமுறை தனித்தனியே வந்த பண்பைக் கொண்டு கட்டும் பேரினம் பலவீனமானது.

எத்தனை உறவுக்கிளைகள் இருக்கின்றன என்பது ஆய்வால் சோதிக்கத்தக்க கேள்வி. அவற்றுள் எந்தக் கிளைக்குப் பேரினம் என்ற தகுதி, எதற்குத் துணைப்பேரினம் என்ற தகுதி என்பது நம் வசதி குறித்த கேள்வி. நீங்கள் விரும்பும் காஸ்ட்ரிடியம் என்ற கிளை புதிய வகைப்பாட்டில் அழிந்துவிடவில்லை. ஒரு படி கீழே அமர்ந்திருக்கிறது, அவ்வளவே. மரபணு பார்க்கப்படாத சிற்றினங்கள் அப்போது பாதிக்கும் மேல் இருந்த நிலையில், நாளைக்கு மாறக்கூடிய எல்லைகளை முதற்பெயரில் ஏற்றாமல் துணைப்பெயரில் வைத்தது பொறுப்பான செயல் என்றே நான் கருதுகிறேன்.

நுண்புரி:

நான் நஞ்சுப் பெப்டைடுகளைப் பற்றிப் படித்து வருபவள். அலைநுரை அவர்கள் கேட்ட மூன்றாவது ஐயத்தை என் பக்கத்திலிருந்து அணுகுகிறேன். பதிவு நீண்டுவிட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜியோகிராஃபஸ் இரவில் வேட்டையாடுவது. மண்ணிலோ பாறை இடுக்கிலோ பகலைக் கழித்துவிட்டு, இருட்டிய பிறகு நீர்க்குழலை முன்னே நீட்டிக்கொண்டு ஊர்ந்து, நீரில் கலந்திருக்கும் மணத்தைக் கொண்டு மீனைத் தேடும். கூம்பு நத்தைகளுக்கு மற்ற நத்தைகளைப்போல் அராவும் பல்வரிசை கிடையாது. ஒவ்வொரு பல்லும் கைட்டினால் ஆன, உள்ளீடற்ற, முள்முனை கொண்ட ஈட்டி. ஒரு பையில் பல ஈட்டிகள் தயாராக இருக்கும். ஒரு முறை எய்தது மறுமுறை பயன்படாது. நீண்டு சுருண்ட நஞ்சுக்குழாயின் முனையில் உள்ள தசைக்குமிழ் சுருங்கும்போது நஞ்சு ஈட்டிக்குள் பாய்கிறது.

மீன் தின்னும் பல கூம்பு நத்தைகள், ஸ்ட்ரையேட்டஸ் போன்றவை, தூண்டில்காரரைப் போன்றவை: ஈட்டியைக் குத்தி, அதை விடாமல் பிடித்தபடி, நொடியில் விறைத்துப்போன மீனை உள்ளே இழுத்துக்கொள்ளும். ஜியோகிராஃபஸ் அப்படிச் செய்வதில்லை. முகப்பகுதியை வலைபோல அகல விரித்து, உறங்கும் மீன்களை, சில வேளை ஒன்றுக்கு மேற்பட்டவற்றை, அப்படியே மூடிவிடுகிறது. மூடிய பிறகே உள்ளே வைத்து ஒவ்வொன்றாகக் குத்துகிறது. செரித்து முடிந்தபின் எலும்பு, செதில், செலவான ஈட்டிகள் ஆகியவற்றை வெளியே உமிழ்கிறது. வலைக்குள் சிக்கும்போது மீன் ஏன் துள்ளி ஓடுவதில்லை என்பதுதான் வியப்பு.

அதற்கான விடையின் ஒரு பகுதி 2015-இல் கிடைத்தது. சஃபாவி-ஹெமாமி தலைமையிலான குழுவினர் ஜியோகிராஃபஸின் நஞ்சில் இன்சுலின் இருப்பதைக் கண்டார்கள். எல்லா விலங்கும் தன் உடல் தேவைக்கு இன்சுலின் போன்ற ஒன்றைச் சுரக்கும். நத்தைக்கும் அப்படி நத்தைக்குரியது உண்டு. இதுவோ மீனின் இன்சுலினை ஒத்தது. மீனின் இரத்தச் சர்க்கரை சரிய, அது சோர்ந்து மயங்குகிறது. மற்ற நத்தைகளைத் தின்னும் டெக்ஸ்டைல் கூம்பு நத்தையின் நஞ்சில் உள்ள இன்சுலின் மெல்லுடலிகளின் இன்சுலினை ஒத்திருக்கிறது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். இரை எதுவோ அதன் இன்சுலின். 2024-இல் வெளிவந்த ஆய்வு இன்னொரு படியைக் காட்டியது: சோமாட்டோஸ்டாட்டின் என்ற ஹார்மோனைப் போலிசெய்யும் ஒரு நஞ்சு, சர்க்கரையை மீண்டும் உயர்த்தும் குளுக்ககானின் சுரப்பைத் தடுக்கிறது. ஒன்று சர்க்கரையைத் தாழ்த்துகிறது. மற்றொன்று அது மீண்டும் எழாமல் அழுத்திப் பிடிக்கிறது. இதைப் படித்த அன்று இரவு எனக்கு உறக்கமே வரவில்லை.

வகைப்பாட்டுடன் இதற்கு என்ன தொடர்பு? மீனின் இன்சுலினைப் போன்ற அந்த நஞ்சு டூலிப்பாவிலும் காணப்பட்டது. டூலிப்பாவும் வலை விரிப்பதுதான். ஓடு, மரபணு, வேட்டைமுறை, நஞ்சு ஆகிய நான்கும் இங்கே ஒரே கிளையைச் சுட்டுகின்றன. பவளத்திட்டு அவர்கள் சொன்னபடி பெயரின் தகுதிநிலை நம் வசதி. ஆனால் கிளை எது என்று தெரியாவிட்டால், அடுத்து எந்த நத்தையின் நஞ்சில் எதைத் தேடுவது என்பதே தெரியாமல் போகும்.

கரைமணல்:

ஒரு சிறு ஐயம். கடல்நீரில் இன்சுலினைக் கலந்தால் அது கரைந்து நீர்த்துப் போகாதா? மீனின் உடலுக்குள் எப்படிச் செல்கிறது?

நுண்புரி:

செவுள்கள் வழியாகச் செல்கிறது என்பதே முன்வைக்கப்பட்ட விளக்கம். மீன்குஞ்சுகள் இருக்கும் நீரில் செயற்கையாகத் தயாரித்த இந்த நஞ்சு இன்சுலினைச் சேர்த்தபோது அவற்றின் நீச்சல் அசைவுகள் குறைந்தன. வேட்டையின்போது நத்தையின் விரிந்த முகம் மீனை ஏறத்தாழ மூடியிருப்பதால், கரைவதற்கான பரப்பு சிறிதாகவே இருக்கும்.

கூடுதலாக ஒரு செய்தி. மனித இன்சுலினில் 51 அமினோ அமிலங்கள். ஜியோகிராஃபஸின் இந்த இன்சுலினில் 43 மட்டுமே. மனித இன்சுலின் மூலக்கூறுகள் ஆறு ஆறாகக் கூடித் திரள்வதற்கு உதவும் பகுதி இதில் இல்லை. திரண்டவை பிரிந்த பிறகே செயல்பட முடியும் என்பதால், திரளாதது விரைந்து செயல்படும். விரைவாக வேலை செய்யும் நீரிழிவு மருந்துகளை வடிவமைக்க முயல்பவர்கள் இதை ஊன்றிக் கவனிப்பது இதனால்தான்.

அலைநுரை:

மிக்க நன்றி, நுண்புரி அவர்களே. ‘சிகரெட் நத்தை’ என்று இதற்கு ஒரு பெயர் வழங்குவதைப் பார்த்தேன். குத்துப்பட்டவருக்கு ஒரு சிகரெட் புகைக்கும் நேரம்தான் மிஞ்சும் என்று விளக்கம் தந்திருந்தார்கள். இது உண்மையா? மீனுக்குச் சர்க்கரையைத் தாழ்த்தும் அதே நஞ்சுதான் மனிதரையும் கொல்கிறதா?

நுண்புரி:

சிகரெட் கதை மிகைப்படுத்தப்பட்டது. 1935-இல் ஆஸ்திரேலியாவின் ஹேமன் தீவில் இந்த நத்தையைக் கையில் எடுத்த இளைஞர் ஒருவர் சில மணி நேரத்துக்குப் பின் இறந்தார். மருத்துவ நூல்களில் அடிக்கடி எடுத்துக்காட்டப்படும் நிகழ்வு அது. சில நிமிடங்களில் உயிர் போய்விடும் என்று நம்பிக் கைவிட்டுவிடுவதுதான் உண்மையில் ஆபத்து. மரப்பு, மங்கிய பார்வை, இரட்டைப் பார்வை, தசைகளின் தளர்ச்சி என்று முற்றி, இறுதியில் மூச்சுத்தசைகள் செயலிழப்பதே சாவுக்குக் காரணம். நஞ்சுமுறி மருந்து கிடையாது. ஆனால் செயற்கைச் சுவாசத்தைத் தொடர்ந்து கொடுத்தால் நஞ்சின் வேகம் தணியும்வரை ஒருவரை உயிருடன் காக்க முடியும். குத்துப்பட்ட கையையோ காலையோ அழுத்துக் கட்டிட்டு அசையாமல் வைத்து, உடனே மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டும். குத்திய இடத்தில் வலி இல்லை என்பதை நம்பிக் காத்திருக்கக் கூடாது.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு 2014-இல் டூட்டெர்த்ரும் அவருடைய குழுவினரும் அழகான விடை தந்தார்கள். இந்த நத்தை இரையைப் பிடிக்கும்போது ஒரு நஞ்சையும், தன்னைத் தாக்குபவரிடமிருந்து தப்பும்போது வேறொரு நஞ்சையும் வெளியிடுகிறது. நஞ்சுக்குழாயின் இரு பகுதிகளில் இரண்டும் தனித்தனியே உருவாகின்றன: தசைக்குமிழை ஒட்டிய பகுதியில் தற்காப்பு நஞ்சு, வாய்ப்பக்கம் உள்ள பகுதியில் வேட்டை நஞ்சு. நரம்புக்கும் தசைக்கும் இடையிலான தொடர்பை முடக்கும் பெப்டைடுகள் தற்காப்பு நஞ்சில் மிகுதி. மனிதரைக் கொல்வது அதுதான். வேட்டை நஞ்சின் பெரும்பகுதி மனிதரின் இலக்குகளில் வேலை செய்வதே இல்லை. கையில் எடுப்பவரை நத்தை இரையாக எண்ணுவதில்லை, எதிரியாகவே எண்ணுகிறது.

சிப்பிப்பேழை:

சேகரிப்பவர்களுக்கு இதனுடன் ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். ஓட்டின் அகன்ற முனையைப் பிடித்தால் ஆபத்தில்லை என்று பழைய கையேடுகளில் படித்து, நானும் பிறருக்குச் சொல்லியிருக்கிறேன். அது தவறு. இந்த நத்தையின் துதிக்கை நீண்டு வளைந்து ஓட்டின் பெரும்பகுதியை எட்டக்கூடியது. உயிருள்ள ஜியோகிராஃபஸைக் கையால் தொடவே வேண்டாம். உறையணிந்த கையாலும் வேண்டாம். ஜப்பானின் ஒகினாவா மக்கள் இதைத் தங்கள் தீவின் கொடிய ஹாபு விரியனின் பெயரால் ஹாபு-கை, அதாவது ஹாபுச் சிப்பி, என்று அழைப்பதில் பொருள் இருக்கிறது.

வகைப்பாட்டைப் பொறுத்தவரை, புல்லாட்டஸ் எடுத்துக்காட்டு என்னை நிறையவே யோசிக்க வைத்தது. என் பெட்டியில் அதையும் ஜியோகிராஃபஸையும் இத்தனை ஆண்டுகளாக அடுத்தடுத்த அறைகளில் வைத்திருந்தேன். இருந்தாலும் ஒரு கேள்வி எஞ்சுகிறது. நான்கு பேரினங்கள்தான் என்றால், ஒரே ஒரு சிற்றினத்தைக் கொண்ட கலிஃபோர்னிகோனஸுக்கு மட்டும் ஏன் தனிப் பேரினத் தகுதி?

பவளத்திட்டு:

ஏனெனில் அது கோனஸுக்குள் இருக்கும் கிளை அன்று. மரபணு மரத்தில் அது கோனஸின் அடிவேருக்கு வெளியே தனித்து நிற்கிறது. அதைக் கோனஸில் சேர்த்தால் மற்றவற்றையும் சேர்த்தாக வேண்டிவரும். கலிஃபோர்னியாக் கரையோரத்தின் குளிர்ந்த நீரில் வாழும் அந்தச் சிறு நத்தையின் உணவும் வேறு. பெரும்பாலான கூம்பு நத்தைகள் புழு, நத்தை, மீன் ஆகியவற்றுள் ஒன்றையே தின்ன, அது எல்லாவற்றையும் தின்கிறது. ஒற்றைச் சிற்றினம் என்பதற்காக ஒரு கிளையின் தொன்மையை நாம் குறைத்து மதிப்பிட முடியாது.

நுண்புரி அவர்களிடம் ஒன்று கேட்க வேண்டும். மருந்தியலில் இந்த நஞ்சுகளுக்கு வழங்கும் குறியீட்டுப் பெயர்களில் நத்தையின் பெயர் எப்படி வருகிறது? பேரினத்தை மாற்றினால் அங்கே குழப்பம் நேருமா?

நுண்புரி:

நேராது, காரணம் எனக்கும் பிடித்த ஒன்று. பிலிப்பைன்ஸில் பிறந்த பால்டொமெரோ ஒலிவேரா, லூர்து குரூஸ் ஆகியோரின் ஆய்வுகளில் பிரித்தெடுக்கப்பட்ட கோனோடாக்சின்களின், அதாவது கூம்பு நத்தை நஞ்சுப் பெப்டைடுகளின், குறியீடு சிற்றினப் பெயரின் முதலெழுத்தோடு தொடங்குகிறது, பேரினத்தின் எழுத்தோடு அன்று. நரம்பு–தசைச் சந்தியில் செயல்படும் ஆல்ஃபா ஜிஐ, தசையின் சோடியம் வாய்களை அடைக்கும் மியூ ஜிஐஐஐஏ, நரம்பு முனைகளின் கால்சியம் வாய்களை அடைக்கும் ஒமேகா ஜிவிஐஏ ஆகிய மூன்றிலும் உள்ள ‘ஜி’ ஜியோகிராஃபஸைக் குறிப்பது. இவற்றுள் ஒமேகா ஜிவிஐஏ நரம்பியல் ஆய்வுக்கூடங்களில் அன்றாடக் கருவியாகிவிட்டது. கோனஸ் மேகஸிலிருந்து வந்த ஒமேகா எம்விஐஐஏ, ஜிகோனோடைடு என்ற வலிநிவாரணியாக 2004-இல் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றது. அதன் ‘எம்’ மேகஸுக்குரியது. பேரினத்தை நீங்கள் எத்தனை முறை மாற்றினாலும் ‘ஜி’ நிற்கும். 1758-இல் ஓட்டின் கோலத்தைப் பார்த்து ஒருவர் இட்ட பெயரின் முதலெழுத்து, அவர் கனவிலும் காணாத மூலக்கூறுகளின் மேல் இன்று ஒட்டியிருக்கிறது.

கரைமணல்:

இளம் ஜியோகிராஃபஸும் பிறந்தவுடன் மீன்தான் தின்னுமா? ஈட்டியால் எய்யும் அளவுக்கு மீன் சிறியதாகக் கிடைக்குமா என்று எண்ணிப் பார்த்தேன்.

பவளத்திட்டு:

இதில் ஆணும் பெண்ணும் தனித்தனி. பெண் நத்தை முட்டையுறைகளைக் கடினமான பரப்பில் ஒட்டிவைக்கும். அவற்றிலிருந்து வெளிவரும் இளவுயிரிகள் முதலில் மிதவைகளாகத் திரியும். பிறகு அடித்தளத்தில் இறங்கி நத்தை வடிவம் கொள்ளும். இறங்கிய பின் எதைத் தின்னும் என்பதை ஆய்வுக்கூட வளர்ப்பில் தெளிவாகக் கண்டது கோனஸ் மேகஸில்தான்: அதன் குஞ்சுகள் முதலில் புழுக்களை வேட்டையாடி, வளர்ந்த பிறகே மீனுக்கு மாறுகின்றன, பல்லின் வடிவமும் நஞ்சும் அதற்கேற்ப மாறுகின்றன. கூம்பு நத்தைகளின் முன்னோர் புழு தின்பவை என்ற கருத்துக்கு இது இசைவாக இருக்கிறது. பல்லின் வடிவத்தை வகைப்பாட்டுக்குப் பயன்படுத்துபவர்கள் முதிர்ந்த நத்தையின் பல்லை மட்டுமே ஒப்பிட வேண்டும் என்பதும் இதனால் விளங்கும்.

அலைநுரை:

மூன்று ஐயங்களோடு வந்தேன், மூன்றும் தீர்ந்தன. என் குறிப்பேட்டில் இப்படித் திருத்திவிட்டேன்: ‘கோனஸ் (காஸ்ட்ரிடியம்) ஜியோகிராஃபஸ் (லின்னேயஸ், 1758)’. சரிதானே?

பவளத்திட்டு:

முதல் அடைப்புக்குறி சரி, அது துணைப்பேரினத்துக்குரியது. இரண்டாவதை நீக்கிவிடுங்கள், நண்பரே. துணைப்பேரினத்தை எழுதுவதால் பேரினம் மாறிவிடுவதில்லை. லின்னேயஸ் வைத்த கோனஸிலேயே அது இன்றும் இருக்கிறது.

அலைநுரை:

நீக்கிவிட்டேன்.